தீனி பெரிய விஷயமில்லை, பிளார்ட்தான்

"மாமா, பட்டிக்குள்ள கறுப்பா ஏதோ துள்ளுது பாருங்க" என்று அக்கா மகன் சொன்னபோது என் கையில் பாதி கடித்த முறுக்கு இருந்தது. ஸ்லைம் ராஞ்சர் என்ற வீடியோ கேமை ஆட ஆரம்பித்து அப்போது பத்து நாள்கூட ஆகியிருக்காது. இண்டிகோ குவாரிப் பக்கம் ஊர் சுற்றிவிட்டு, டேங்க் நிறைய சரக்கோடு பண்ணைக்குத் திரும்பிய நிமிடம் அது. கறுப்பு என்றால் வெறும் கறுப்பு இல்லை. ரோட்டில் தேங்கிய மழைத் தண்ணீரில் பெட்ரோல் சிந்தினால் ஒரு வானவில் மினுக்கம் தெரியுமே, அதே மினுக்கம் உடம்பு முழுக்க. வாயைப் பிளந்துகொண்டு, நான் ஆசையாக வளர்த்த லார்கோ என்ற கலப்பின ஸ்லைம் ஒன்றை விழுங்கிக்கொண்டிருந்தது. விழுங்கி முடித்தது, ஒன்று இரண்டானது. இரண்டும் அடுத்த ஸ்லைமைத் திரும்பிப் பார்த்தன.

அதன் பெயர் டார் என்பது தெரியும். தண்ணீர் அடித்தால் கரைந்துவிடும் என்பதும் தெரியும். ஆனால் தண்ணீர் எடுத்துவர வேக்பேக்கில் தண்ணீர் டேங்க் வேண்டும். அதை நான் வாங்கவில்லை. ஜெட்பேக்குக்குக் காசு சேர்த்துக்கொண்டிருந்தேன். பறக்கிற ஆசை.

ஆட்டத்தைத் தெரியாதவர்களுக்கு இரண்டு வரி. மோனோமி பார்க் என்ற சிறிய நிறுவனம் செய்தது. 2016 ஜனவரியில் முன்னோட்டமாக வந்து, 2017 ஆகஸ்டில் முழுசாக வெளியானது. பூமியிலிருந்து ஆயிரம் ஒளியாண்டுக்கு அப்பால் ஃபார் ஃபார் ரேஞ்ச் என்று ஓர் இடம். அங்கே பியாட்ரிக்ஸ் லெபோ என்ற பெண், பழைய ஆள் விட்டுப்போன பண்ணையை எடுத்து நடத்துகிறாள். நாம்தான் அவள். மாட்டுக்குப் பதில் ஸ்லைம்; ஜெல்லிக்குக் கண்ணும் வாயும் வைத்த மாதிரி, எந்நேரமும் சிரித்த முகமாகத் துள்ளும் பிராணி. முதுகில் வேக்பேக் என்று ஓர் உறிஞ்சும் குழல். அதில்தான் பிடிப்பது, அதில்தான் தீனி போடுவது, எறிவதும் அதில்தான். ஸ்லைமுக்குச் சாப்பாடு போட்டால் பிளார்ட் என்ற பளபளப்பான உருண்டை போடும். அதைச் சந்தையில் விற்றால் நியூபக்ஸ். பச்சையாகச் சொன்னால் சாணி வியாபாரம். என் அக்காவிடம் அப்படித்தான் சொன்னேன். "உன் வயசுக்கு நல்ல தொழில்தான்" என்றாள்.

சரி, டாருக்கு வருவோம். தண்ணீர் இல்லாமல் எப்படிச் சமாளித்தேன் என்றால், மருமகன் சொன்ன யோசனை. "உறிஞ்சிப் புடிங்க மாமா, கடல்ல தூக்கிப் போடுங்க." பண்ணையின் ஓரத்தில் ஸ்லைம் கடல் இருக்கிறது. டார் பெரிய சைஸ் என்பதால் டேங்குக்குள் போகாது, ஆனால் குழல் வாயில் ஒட்டிக்கொண்டு நிற்கும். ஒவ்வொன்றாக அப்படிப் பிடித்து விளிம்பு வரைக்கும் ஓடி, கடலுக்குள் சுட்டுவிட்டு, திரும்பி ஓடிவந்து அடுத்தது. வழியில் கடி வேறு. ஆறோ ஏழோ போட்டேன். கடைசியில் பண்ணையில் மிஞ்சியது பயந்துபோன ஒரு பிங்க் ஸ்லைமும், ஓரத்துக் கூண்டில் எதுவும் தெரியாதது மாதிரி நின்ற கோழிகளும்தான்.

ஏன் நடந்தது என்று உட்கார்ந்து யோசித்தபோதுதான் இந்த ஆட்டம் பிடிபட்டது. தப்பு தீனியில் இல்லை. தீனிக்குப் பிறகு வருவதில் இருந்தது.

கணக்கு இப்படி. ஒரு ஸ்லைம் வேறு இன ஸ்லைமின் பிளார்ட்டைத் தின்றால் இரண்டும் கலந்த லார்கோ ஆகிவிடும். உருவம் பெரிதாகும், சாப்பிட்டால் இரண்டு இனத்துப் பிளார்ட்டும் போடும். லாபம் இரட்டிப்பு. ஆனால் அந்த லார்கோ தனக்குச் சம்பந்தமில்லாத மூன்றாவது இனத்தின் பிளார்ட் ஒன்றைத் தின்றுவிட்டால் டார். என் பண்ணையில் ஒரு பட்டியில் பிங்க்-ராக், ஒட்டினாற்போல் அடுத்த பட்டியில் பிங்க்-டேபி. இரண்டு பட்டிக்கும் ஆரம்பத்தில் வருகிற குட்டைச் சுவர். நான் குவாரியில் நேரம் போவது தெரியாமல் சுற்றியதில் இரண்டு பக்கமும் பசி. பசி வந்தால் ஸ்லைம் சும்மா இருக்காது; முறைத்துக்கொண்டு எகிற ஆரம்பிக்கும். பட்டியில் பொறுக்காமல் கிடந்த டேபி பிளார்ட் ஒன்று உதைபட்டு இந்தப் பக்கம் விழுந்திருக்கிறது, அல்லது பிங்க்-ராக் ஒன்று அந்தப் பக்கம் தாவியிருக்கிறது. எதுவாயிருந்தாலும் ஓர் உருண்டை போதும்.

அதற்குப் பிறகு பண்ணையின் வரைபடத்தை மாற்றினேன். ஒரு பட்டி 250 நியூபக்ஸ்தான், கட்டுவது கஷ்டமில்லை. எங்கே கட்டுவது என்பதில்தான் எல்லாம். இரண்டு லார்கோப் பட்டிகளை அருகருகே வைத்தால் இரண்டிலும் ஒரே ஜோடியாக இருக்கட்டும். இங்கே பிங்க்-ராக் என்றால் அங்கேயும் பிங்க்-ராக். அப்போது எது எங்கே தாவினாலும் மூன்றாவது இனம் என்ற பேச்சே வராது. வேறு ஜோடி வேண்டுமென்றால் நடுவே தோட்டமோ கோழிக்கூண்டோ ஒரு மனை இருக்கவேண்டும். அதுவும் போதாது என்று நினைப்பவன் நான். உயரச் சுவரும் மேல்வலையும் போட்டபிறகுதான் லார்கோவையே உள்ளே விடுவேன். பிளார்ட் சேகரிப்பான் என்று ஒரு சாதனம் உண்டு, பட்டிக்குள் விழுவதையெல்லாம் அதுவே அவ்வப்போது உறிஞ்சிக்கொள்ளும். புதிதாக ஆடுகிறவர்கள் இதை வசதிக்கு என்று நினைத்துத் தள்ளிப்போடுவார்கள். நானும் அப்படித்தான். உண்மையில் அது காவல்காரன். தரையில் பிளார்ட் கிடக்கவில்லை என்றால் டார் வர வழியில்லை.

ஜெட்பேக்குக்கு முன்னால் தண்ணீர் டேங்க் வாங்குங்கள் என்பதைத் தனியாகச் சொல்லத் தேவையில்லை.

இப்போது தீனி. பட்டியில் இருப்பவர்களை மூன்றாகப் பிரித்துக்கொண்டால் போதும்: காய்கறிக்காரர், பழக்காரர், கோழிக்காரர். ராக், ராட், கிறிஸ்டல் எல்லாம் காய். ஹனி, பாஸ்பர், குவாண்டம் பழம். டேபி, பூம், ஹண்டர் கறிக்கோழி. பிங்க் மட்டும் எதைப் போட்டாலும் தின்னும். அதனால்தான் அதன் பிளார்ட்டுக்குச் சந்தையில் மதிப்பில்லை. ஒவ்வொன்றுக்கும் உயிரான சாப்பாடு ஒன்று உண்டு, பிங்க்குக்குத் தவிர. ராக்குக்கு ஹார்ட் பீட், கிறிஸ்டலுக்கு ஆட் ஆனியன், ஹனிக்கு மின்ட் மாங்கோ, பாஸ்பருக்குக் கியூபெரி, டேபிக்கு ஸ்டோனி கோழி. அதைக் கொடுத்தால் ஒரு பிளார்ட்டுக்குப் பதில் இரண்டு. லார்கோவாக இருந்து, அதன் ஏதாவது ஒரு பாதிக்குப் பிடித்ததைக் கொடுத்துவிட்டால், இரண்டு இனத்திலும் இரண்டிரண்டு, ஆக 4. ஒரே ஒரு வெங்காயத்துக்கு.

நான் முதலில் செய்த கூத்து, பார்க்க அழகாக இருக்கிறதே என்று ஜோடி சேர்த்தது. பழம் தின்கிறதையும் கோழி தின்கிறதையும் சேர்த்தால் எது கிடைத்தாலும் போடலாம், பசியே வராது என்ற நினைப்பு. போடலாம்தான். ஆனால் தோட்டத்துக்கும் கோழிக்கூண்டுக்கும் மாறி மாறி ஓடியது நான். ஆரம்ப டேங்கில் 4 அறை, அறைக்கு 20 உருப்படிதான் பிடிக்கும். ஓர் அறை கேரட், ஓர் அறை பழம், ஓர் அறை கோழி என்று போனால் பொறுக்கிய பிளார்ட்டை எங்கே வைப்பது? பிறகு ராக்-கிறிஸ்டல் என்று மாற்றிக்கொண்டேன். இரண்டுமே காய்க்காரர். பட்டிக்கு எதிரிலேயே ஆட் ஆனியன் தோட்டம். தோட்டத்தின் வாயில் ஒரே ஒரு வெங்காயத்தைப் போட்டால் போதும், அதுபாட்டுக்கு விளைந்துகொண்டே இருக்கும். நின்ற இடத்திலிருந்து உறிஞ்சு, திரும்பு, சுடு. கிறிஸ்டல் இருக்கிற பட்டியில் தரையெல்லாம் கண்ணாடி முள் மாதிரி முளைத்துக் கிடக்கும், உள்ளே கால் வைத்தால் குத்தும். நான் உள்ளே போவதே இல்லை, அதனால் எனக்குக் கவலை இல்லை. பத்து நிமிட வேலை ஒரு நிமிடமானது. ஆட்டத்தில் ஒரு மணி நேரம் என்பது நமக்கு ஒரு நிமிடம்தான், ஒரு முழு நாளே 24 நிமிடத்தில் ஓடிவிடும். அந்த ஒன்பது நிமிடம் சாதாரணமில்லை.

தானியங்கித் தீவனப் பெட்டி வந்தபிறகு குவாரிக்குப் போகும் போதெல்லாம் நெஞ்சு படபடப்பது நின்றது. ஆனால் பெட்டியில் பிடித்த சாப்பாட்டை நிரப்பிவிட்டு, சேகரிப்பானை மறந்துவிட்டால் பழைய கதைதான். தின்னத் தின்ன பிளார்ட், எடுக்க ஆளில்லை. இரண்டையும் சேர்த்தே வாங்கவேண்டும். வயிறு நிறையப் போட்டுவிட்டுத் தொழுவத்தைக் கூட்டாமல் விட்டால் என்ன ஆகும் என்று மாடு வைத்திருந்த யாரிடமும் கேட்கலாம்.

கோழி விஷயம் தனிக்கதை, கொஞ்சம் வருத்தமான கதையும்கூட.

கறிக்கோழித் தீனிக்குக் கூண்டு கட்டி, சாதாரணக் கோழியான ஹென் ஹென்னும் ஒரு சேவலும் விட்டேன். சேவலுக்கு அங்கே ரூஸ்ட்ரோ என்று பெயர். சேவல் பக்கத்தில் இருந்தால்தான் பெட்டை முட்டையிட்டுக் குஞ்சு வரும். மருமகன் அந்தச் சேவலுக்குக் கருப்பசாமி என்று பெயர் வைத்தான். ஏன் என்று கேட்டதற்கு, "நம்ம பண்ணைக்குக் காவல் அவன்தான்" என்றான். ஒரு நாள் அவசரமாக டேபிகளுக்குத் தீனி போட நான்கைந்து கோழிகளை உறிஞ்சினேன். குழல் என்ன ஆள் பார்த்தா உறிஞ்சும்? கருப்பசாமியும் வந்துவிட்டான், இரண்டாவது அறையில். முதல் அறை காலியானதும் கை தானாக அடுத்த அறையை அழுத்தியது. ஒரே ஒரு கொக்கரிப்பு, காற்றில் நாலு இறகு. இந்த ஆட்டத்தில் ரத்தம் கிடையாது, இறகுதான். பக்கத்தில் உட்கார்ந்திருந்தவன் ஒன்றும் பேசவில்லை. எழுந்து அக்காவிடம் போய், "மாமா சேவலைக் கொன்னுட்டாங்க" என்றான்.

அன்றிலிருந்து கூண்டுக்குப் பக்கத்தில் போவதற்கு முன் ஓர் அறை காலியாக வைத்துக்கொள்வேன். சேவல் தப்பித் தவறி வந்தால் முதல் வேலையாக அதைத் திரும்பக் கூண்டில் விடுவது, அப்புறம்தான் மற்றது. சைலோவில் எப்போதும் இரண்டு சேவல் இருப்பு. சைலோ நம்ம ஊர்க் குதிர் மாதிரி. அதில் போட்டது கெடாது, ஓடாது. இன்னொன்று: கூண்டிலேயே வயதான கோழிகள் சேரும். அவை முட்டை விடாது, இடத்தை மட்டும் அடைக்கும். தீனிக்கு அவற்றைத்தான் முதலில் எடுக்கவேண்டும். எல்லாம் ஒன்றுபோலத் தெரிகிறதே என்று கைக்கு வந்ததை எடுத்தால், இளசுகள் போய்க் கிழடுகள் மட்டும் மிஞ்சி, ஒருநாள் கூண்டில் குஞ்சே இருக்காது. எனக்கு அதுவும் நடந்தது. அப்போது சேவல் நன்றாகத்தான் இருந்தான்.

பழக்காரர்களிடம் எனக்கு அனுபவம் கொஞ்சம் குறைவு. பாஸ்பர் ராத்திரிப் பிராணி, இறக்கை வைத்துப் பறக்கும், வெயில் பட்டால் காணாமலே போய்விடும். மேல்வலையும் வெயில் தடுப்பும் போடாமல் பட்டியில் விட்டு, காலையில் வெறும் பட்டியைப் பார்த்து யாரோ திருடிவிட்டார்கள் என்று நினைத்தவன் நான். பண்ணையை ஒட்டிய குகைப் பகுதியை வாங்கி அங்கே வைத்தால் வெயில் தொல்லை குறையும். குவாண்டத்துக்குப் பிடித்தது ஃபேஸ் லெமன். அந்த எலுமிச்சை மரத்தில் தொங்கும், ஆனால் கைக்கு வராது, நிழல் மாதிரி. வேறொரு பழத்தை எடுத்து அதன்மேல் எறிந்தால்தான் நிஜமாகும். ஒரு பழத்தைக் கொடுத்து ஒரு பழம் வாங்குகிற இந்த ஏற்பாடு முதல் முறை பார்த்தபோது சிரிப்பு வந்தது, இருபதாவது முறை வரவில்லை.

என் மனசுக்குப் பிடித்தது படில் ஸ்லைம். சாப்பாடே வேண்டாம், குளம் போதும். நல்ல தண்ணீரில் கிடந்தே பிளார்ட் போடும். வெட்கக்காரப் பிராணி, ஒரு குளத்தில் 4 பேர் வரை சரி, அதற்கு மேல் விட்டால் எல்லாம் முகம் சிவந்து உட்கார்ந்திருக்கும், ஒன்றும் போடாது. நான் இரண்டு குளத்து லாபம் ஒரே குளத்தில் வரட்டும் என்று 9 விட்டேன். ஒன்பதும் சிவந்தன. கூட்டிக் கழித்ததில் வருமானம் பூஜ்யம். ஐந்தை வேறு குளத்துக்கு மாற்றி, அங்கேயும் ஒன்று கூடுதலாகி, அந்த ஒன்றைத் தனிக்குளத்தில் விட்டேன். கல்யாண வீட்டில் தெரிந்தவர் யாரும் இல்லாமல் ஓரமாக உட்காருகிறவர்களை எனக்குத் தெரியும், நானே அப்படித்தான்.

விற்பனை பற்றி அதிகம் இல்லை. ஒரே பிளார்ட்டைக் கொண்டுபோய்க் கொட்டினால் அதன் விலை இறங்கும், சில நாள் விட்டால் ஏறும். நம்ம தக்காளி மார்க்கெட்தான். சைலோவில் தேக்கி வைத்து, பலகையில் மேல்நோக்கி அம்பு காட்டுகிற இனத்தை மட்டும் அன்று விற்கப் பழகினேன். லார்கோவின் இன்னொரு லாபம் இங்கேதான் தெரியும்: இரண்டு இனம் கையில் இருப்பதால் ஒன்று விழுந்தாலும் மற்றதை விற்கலாம்.

காட்டில் கோர்டோ என்ற ராட்சத ஸ்லைம்கள் இருக்கிறார்களே, அவர்களைப் பற்றிச் சொல்லாமல் முடியாது. ஒரு வீட்டளவு இருக்கும், இடத்தை விட்டு அசையாது, வாயை மட்டும் திறந்திருக்கும். யானைப் பசி. போட்டுக்கொண்டே இருக்கவேண்டும், நிறைந்ததும் வெடித்து, உள்ளேயிருந்து குட்டி ஸ்லைம்கள் கொட்டும். சிலதில் பூட்டிய கதவைத் திறக்கிற சாவி கிடைக்கும். என் முதல் கோர்டோ, டிரை ரீஃப் என்ற இடத்தில் இருந்த பிங்க். கையிலிருந்த 20 கேரட்டையும் போட்டேன், இன்னும் வாயைத் திறந்தபடியே இருந்தது. வீணாகிவிட்டதோ என்று பயந்து பண்ணைக்கு ஓடி, மறுபடி நிரப்பி ஓடிவந்தேன். பதறவே வேண்டியதில்லை, போட்டது போட்டபடி கணக்கில் இருக்கும், நாளைக்குப் போய் மிச்சம் போட்டாலும் சரிதான். மற்ற கோர்டோக்களுக்கு அவற்றுக்குப் பிடித்த சாப்பாட்டைக் கொண்டுபோனால் ஒன்று இரண்டாகக் கணக்காகும். அந்த ஓட்டத்தில் நான் ராத்திரி காட்டில் அடிபட்டு மயங்கி விழுந்து, டேங்கில் இருந்தது அத்தனையும் போய், மறுநாள் காலை பண்ணையில் விழித்தேன். டேங்க் நிறைந்தால் திரும்பி வந்து இறக்கிவிட்டுப் போவது நல்லது என்பதை அன்று கற்றுக்கொண்டு, அடுத்த வாரமே மறந்தேன்.

போன லீவில் அக்கா மகன் தனியாக ஒரு பண்ணை ஆரம்பித்திருக்கிறான், டார் வராத கேஷுவல் வகையில். போய்ப் பார்த்தேன். ஐந்து பட்டி, ஐந்திலும் பிங்க். ஒரு லார்கோ கிடையாது. கூண்டில் மட்டும் எக்கச்சக்கக் கோழி.

"டேபிதான் வளக்கலையே, இத்தனை கோழி எதுக்குடா?" என்றேன்.

"இதுங்க தீனிக்கு இல்ல மாமா" என்றான். "நீங்க கூண்டுகிட்ட மட்டும் போகாதீங்க."